சொந்தத்தில் சம்பந்தமும் இரத்தப் பரிசோதனையும்

"மாமு மகளை முடிக்கலாம் என்று மார்க்கம் சொல்கிறது, டாக்டர் வேண்டாம் என்கிறார். யார் சொல்வதைக் கேட்பது?" பொள்ளாச்சி, ஆனைமலை, உடுமலைப் பக்கத்து வீடுகளில் சம்பந்தம் பேசும்போது எழுகின்ற கேள்வி இது. கேள்வி கேட்கப்படும் விதத்திலேயே ஒரு கோணல் இருக்கிறது. மார்க்கம் 'முடிக்கலாம்' என்றுதான் சொல்லியிருக்கிறது. 'முடித்தே தீரவேண்டும்' என்று எங்கும் சொல்லவில்லை. விவரமறிந்த மருத்துவரும் 'கூடவே கூடாது' என்று சொல்லமாட்டார். 'பார்த்து முடியுங்கள்' என்பார். எதைப் பார்ப்பது, எப்படிப் பார்ப்பது என்பதை நம் வீட்டுப் பெரியவர்கள் தெரிந்துகொள்வது அவசியம்.

முதலில் மார்க்கத்தின் நிலையைத் தெளிவாக்கிக்கொள்வோம். யாரை மணக்கக் கூடாது என்பதைத் திருக்குர்ஆனின் அன்னிஸா அத்தியாயம் 23ஆம் வசனம் வரிசைப்படுத்துகிறது. தாய், மகள், சகோதரி, தந்தையின் சகோதரி, தாயின் சகோதரி, சகோதரனின் மகள், சகோதரியின் மகள் ஆகியோர் அந்த வரிசையில் வருகிறார்கள். நம் வட்டாரத்தில் பிற சமூகத்தார் சிலரிடம் அக்காள் மகளை மணக்கும் வழக்கம் உண்டு. அது நமக்கு ஹராம். சிற்றப்பா, மாமு, குப்பி, சின்னம்மா ஆகியோரின் மக்களை மணப்பதோ ஆகுமானது. நபி (ஸல்) அவர்கள் தம் அத்தை மகளான ஜைனப் பின்த் ஜஹ்ஷ் (ரலி) அவர்களை மணந்தார்கள். தம் மகள் ஃபாத்திமா (ரலி) அவர்களைத் தம் பெரிய தந்தையின் மகனான அலீ (ரலி) அவர்களுக்கு மணமுடித்துக் கொடுத்தார்கள். அதே நபியவர்கள் வேறு வேறு குலங்களிலிருந்தும் பெண் எடுத்திருக்கிறார்கள். ஆயிஷா (ரலி) ஒரு குலம், ஹஃப்ஸா (ரலி) ஒரு குலம், ஸஃபிய்யா (ரலி) யூதக் குலத்தைச் சேர்ந்தவர்கள். இரண்டு வழிக்கும் முன்மாதிரி இருக்கிறது.

'நெருங்கிய உறவில் மணக்காதீர்கள், பிள்ளைகள் பலவீனமாகும்' என்ற கருத்தில் ஒரு செய்தியை ஹதீஸ் என்று மேடையில் சொல்வாருண்டு. அதற்கு நம்பத்தக்க ஆதாரம் கிடைக்கவில்லை என்று இப்னு ஸலாஹ் போன்ற ஹதீஸ் கலை அறிஞர்கள் சொல்லியிருக்கிறார்கள். ஆகவே அதை நபிமொழியாக எடுத்துச் சொல்லக் கூடாது. ஆயினும் ஷாஃபிஈ மத்ஹபின் பெருநூலான மின்ஹாஜில் இமாம் நவவீ (ரஹ்) அவர்கள், மிக நெருங்கிய உறவாக இல்லாத பெண்ணை மணப்பது விரும்பத்தக்கது என்று எழுதியிருக்கிறார்கள். கொங்கு நாட்டு ராவுத்தர்களில் பெரும்பாலோர் ஹனஃபீகள். என்றாலும் பெரியோர் இதை யோசித்திருக்கிறார்கள் என்பதைத் தெரிந்துகொள்வதில் நஷ்டமில்லை.

இப்போது மருத்துவத்துக்கு வருவோம்.

மனித உடலின் ஒவ்வொரு வேலைக்கும் உரிய கட்டளைகள் மரபணுக்களில் எழுதப்பட்டிருக்கின்றன. புரதங்களை உண்டாக்கும் மரபணுக்கள் ஏறத்தாழ 20,000. ஒவ்வொன்றிலும் நமக்கு இரண்டு பிரதிகள். தாய் தந்தது ஒன்று, தந்தை தந்தது ஒன்று. ஒரு பிரதியில் எழுத்துப்பிழை இருந்து மற்றொன்று சரியாக இருந்தால், பல நோய்களில் ஆளுக்கு ஒன்றும் தெரியாது. சாப்பிடுவார், உழைப்பார், எண்பது வயது வரை வாழ்வார். இவரைத்தான் நோயைச் 'சுமப்பவர்' என்கிறோம். இரண்டு பிரதிகளிலும் அதே பிழை சேர்ந்துவிட்ட குழந்தைக்குத்தான் நோய் வெளிப்படும்.

இதற்குச் சரியான உதாரணம் தலசீமியா. இரத்தத்திலுள்ள ஹீமோகுளோபினைச் சரியாக உண்டாக்க முடியாத நோய் இது. கடுமையான வகையில், குழந்தை பிறந்து ஆறு மாதம் முதல் இரண்டு வயதுக்குள் வெளுத்துப்போகும், வயிறு உப்பும், வளர்ச்சி நிற்கும். பிறகு இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒருமுறை இரத்தம் ஏற்றியே உயிரைக் காக்க வேண்டும், ஆயுள் முழுதும். ஏற்றும் இரத்தத்தோடு சேரும் இரும்புச்சத்து இதயத்திலும் ஈரலிலும் படிந்துவிடுவதால், அதை வெளியேற்றத் தனி மருந்தும் வேண்டும். இந்தியாவில் நூற்றுக்கு மூன்று நான்கு பேர் இதைச் சுமப்பவர்கள் என்று கணக்கிட்டிருக்கிறார்கள். சில சமூகங்களில் கூடுதல், சிலவற்றில் குறைவு. ஆண்டுக்குச் சுமார் 10,000 குழந்தைகள் கடும் தலசீமியாவுடன் பிறக்கின்றன.

இனி கணக்கைப் பார்ப்போம். நான்காம் வகுப்புக் கணக்குதான். பையன் சுமப்பவன் என்று வைத்துக்கொள்வோம். அயலில் பெண் எடுத்தால் அவளும் சுமப்பவளாக இருக்கும் வாய்ப்பு நூற்றுக்கு மூன்று நான்கு. மாமு மகளை எடுத்தால்? பையனுக்கு அந்தப் பிழை தாய் வழியாக வந்திருக்கப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. அப்படி வந்திருந்தால் தாயின் உடன்பிறந்த மாமுவுக்கும் அது இருக்கப் பாதிக்குப் பாதி. மாமு அதைத் தம் மகளுக்குக் கொடுத்திருக்கப் பாதிக்குப் பாதி. காசை மூன்று முறை சுண்டி மூன்று முறையும் பூ விழுவது போல, எட்டில் ஒன்று. அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை. நான்கு எங்கே, பன்னிரண்டரை எங்கே! இருவரும் சுமப்பவர்களாக அமைந்துவிட்டால், ஒவ்வொரு பிரசவத்திலும் நான்கில் ஒரு பங்கு நோய்க் குழந்தைக்கும், நான்கில் இரண்டு பங்கு சுமக்கும் குழந்தைக்கும், நான்கில் ஒரு பங்கு முற்றிலும் பிழையற்ற குழந்தைக்கும் வாய்ப்புண்டு. 'முதல் பிள்ளைக்கு வந்துவிட்டது, இனி மூன்று பிள்ளைக்குப் பயமில்லை' என்று சிலர் ஆறுதல் சொல்கிறார்கள். அது தவறு. ஒவ்வொரு முறையும் கணக்கு புதிதாகத் தொடங்கும்.

தமிழ் முஸ்லிம் குடும்பங்கள் பலவற்றில் மாமு மகள், குப்பி மகள் 'முறைப்பெண்' என்றும், சிற்றப்பா மகள் 'தங்கை' என்றும் பார்க்கும் பழக்கம் இருக்கிறது. ஷரீஅத்தில் இருவருமே மணக்கத் தக்கவர்கள்தாம். மரபணுவுக்கும் அந்த வித்தியாசம் தெரியாது. இரண்டிலும் அதே எட்டில் ஒன்று.

இந்த விஷயம் நம் சமூகத்துக்கு மட்டும் உரியதல்ல. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியைச் சேர்ந்த ராவ், இன்பராஜ் ஆகியோர் வட ஆர்க்காட்டில் நடத்தி 1977இல் வெளியிட்ட ஆய்வில், கிராமங்களில் நூற்றுக்கு 47 மணங்களும் நகரில் 29 மணங்களும் சொந்தத்திலேயே நடந்திருந்தன. 2019-21இல் எடுக்கப்பட்ட தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில் இந்தியா முழுவதற்கும் 11 விழுக்காடு. தமிழ்நாட்டுக்கு 28 விழுக்காடு. ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்: அந்த வேலூர் ஆய்வாளர்கள் சொந்தத்தில் மணந்தவர்களின் பிள்ளைப்பேற்றில் பெரிய கேடு எதையும் காணவில்லை. ஆனால் கருச்சிதைவு, சிசு மரணம் போன்றவற்றை எண்ணுவது வேறு. அரிதான பரம்பரை நோய் ஒவ்வொன்றையும் இனங்கண்டு எண்ணுவது வேறு. பின்னதற்கு வேண்டிய வசதிகள் அன்று இல்லை.

இங்கிலாந்தின் பிராட்ஃபோர்டு நகரில் பாகிஸ்தானிய வம்சாவளி முஸ்லிம்கள் நிறைய வாழ்கிறார்கள். அங்கே 11,000க்கும் மேற்பட்ட குழந்தைகளைத் தொடர்ந்து கவனித்து 2013இல் முடிவை வெளியிட்டார்கள். பிறவிக் குறைபாடு பொதுவில் நூற்றுக்கு மூன்று. ஒன்றுவிட்ட சகோதர சகோதரியர் மணந்த வீடுகளில் ஏறக்குறைய ஆறு. இரண்டு மடங்கு என்று சொல்லிப் பயமுறுத்தலாம். நூற்றில் தொண்ணூற்று நான்கு குழந்தைகள் நன்றாகவே பிறக்கின்றன என்றும் சொல்லலாம். இரண்டுமே உண்மை. அதே ஆய்வில், 34 வயதுக்கு மேல் பிள்ளை பெற்ற வெள்ளைக்காரத் தாய்மார்களுக்கும் ஆபத்து இரண்டு மடங்காகியிருந்தது. அதற்காக யாரும் அவர்களை இழிவாகப் பேசுவதில்லை.

உறவில் எடுக்காவிட்டால் போதும் என்றும் இருந்துவிட முடியாது. ஹைதராபாத் சி.சி.எம்.பி. ஆய்வகத்தின் தங்கராஜும் அமெரிக்க விஞ்ஞானிகளும் 2017இல் வெளியிட்ட ஆராய்ச்சி, தெற்காசியாவின் பல சமூகங்கள் பல தலைமுறைகளுக்கு முன் வாழ்ந்த சில முன்னோரிடமிருந்தே பெருகியவை என்று காட்டியது. தமக்குள்ளேயே மணந்து வந்ததால், உறவு என்று தெரியாதவர்களிடமும் ஒரே பிழை இருக்கக்கூடும். நம் ஜமாஅத்துகளில் நான்கைந்து ஊர்களுக்குள்ளேயே கொண்டும் கொடுத்தும் வருகிறவர்கள் இதை யோசிக்கலாம்.

அந்நிய இரத்தம் சேர்ந்தால் வலு கூடும் என்பதற்குக் கோவையிலேயே சாட்சி உண்டு. 1912இல் அங்கே தொடங்கப்பட்ட கரும்பு ஆராய்ச்சி நிலையத்தில், இனிப்புக் கரும்பை ஒன்றுக்கும் உதவாத காட்டு நாணல் கரும்போடு ஒட்டுச் சேர்த்துத்தான் கோ 205 என்ற பேர்பெற்ற ரகம் பிறந்தது. மனிதன் கரும்பல்ல, உவமையை அதற்கு மேல் இழுக்க வேண்டாம். ஆனால் பொள்ளாச்சி மாட்டுச் சந்தையில் கன்று பிடிக்கும்போது தாய்ப்பசுவின் கறவையையும் காளையின் வம்சத்தையும் துருவித் துருவி விசாரிக்கும் நம்மவர், சம்பந்தம் பேசும்போது தோப்பையும் கடையையும் மட்டும் விசாரிப்பது ஏனோ?

இனி இந்தக் கட்டுரைக்கு முக்கியமான விஷயம். நோயுள்ள குழந்தை பிறந்ததும் பழி யார் மேல் விழுகிறது? மருமகள் மேல். 'வந்தவளின் ராசி', 'அவள் வயிற்றுக் கோளாறு' என்கிறார்கள். தாய்வீட்டுக்கு அனுப்பப்பட்டவர்கள் உண்டு. தலாக் வரை போன வீடுகளும் உண்டு. தலசீமியாவில் குழந்தைக்கு வந்த இரண்டு பிழைகளில் ஒன்று தந்தையுடையது. அது இல்லாமல் அந்நோய் வராது. மாமு மகளை எடுத்த வீட்டிலோ, அந்தப் பிழை இருவருக்கும் பொதுவான பாட்டனார் வீட்டிலிருந்தே வந்திருக்கக்கூடும். மருமகளைத் திட்டும் மாமியார் தம் சொந்த அத்தாவின் சொத்தைத்தான் திட்டுகிறார்.

ஃபஸாரா குலத்தைச் சேர்ந்த ஒரு கிராமத்து அரபி, தம் மனைவி கறுப்பு நிறக் குழந்தையைப் பெற்றுவிட்டாள் என்று சந்தேகத்தோடு நபி (ஸல்) அவர்களிடம் வந்த வரலாறு புகாரீ, முஸ்லிம் இரண்டிலும் இருக்கிறது. நபியவர்கள் அவருடைய ஒட்டகங்களைப் பற்றி விசாரித்தார்கள். சிவப்பு ஒட்டகங்கள் என்றார். அவற்றில் சாம்பல் நிறமானது உண்டா என்று கேட்டார்கள். உண்டு என்றார். அது எங்கிருந்து வந்தது என்றதற்கு, மூதாதையரின் நரம்பு ஏதேனும் இழுத்திருக்கலாம் என்று அவரே பதில் சொன்னார். உம் குழந்தைக்கும் அப்படி இருக்கலாமே என்ற கருத்தில் நபியவர்கள் அவரை அமைதிப்படுத்தினார்கள். இன்றைய மரபணு விஞ்ஞானம் முழுவதும் இதில் அடங்கிவிட்டது என்று நாம் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்வது ஹதீஸுக்கும் நியாயமல்ல, விஞ்ஞானத்துக்கும் நியாயமல்ல. பெற்றோரிடம் தெரியாத ஒன்று பிள்ளையிடம் தெரியலாம், அதை வைத்து மனைவியைக் குற்றவாளியாக்காதே என்பதே அங்கு நடந்த தீர்ப்பு.

சரி, செய்ய வேண்டியது என்ன?

தலசீமியா சுமப்பவரா என்பதை அறியச் சாதாரண இரத்த எண்ணிக்கைப் பரிசோதனையே முதற்படி. சிவப்பணுக்களின் பருமன் குறைந்திருந்தால், ஹீமோகுளோபின் வகைகளைப் பிரித்துப் பார்க்கும் 'ஹெச்.பி.எல்.சி.' பரிசோதனை செய்வார்கள். அதில் 'ஏ2' என்ற வகை கூடுதலாக, பொதுவாக 3.5 விழுக்காட்டுக்கு மேல் இருந்தால் அவர் சுமப்பவர். ஆயுளில் ஒருமுறை செய்தால் போதும். இரும்புச்சத்து மாத்திரை எவ்வளவு தின்றாலும் தீராத லேசான சோகை சிலருக்கு இருப்பதன் காரணமும் இதில் தெரிந்துவிடும். நீலகிரிப் பழங்குடியினரிடம் 1952இல் லேமன், கட்புஷ் என்ற ஆய்வாளர்கள் கண்டறிந்த அரிவாள் செல் நோயின் பிழையையும் இதே பரிசோதனை காட்டிக்கொடுக்கும்.

இதை மாப்பிள்ளைக்கு முதலில் செய்யுங்கள் என்பது நம் அழுத்தமான யோசனை. மாப்பிள்ளையின் இரத்தத்தில் இவ்வகைப் பிழை ஒன்றும் இல்லையென்றால் கடும் தலசீமியாக் குழந்தை பிறக்க இடமில்லை. பெண்ணைப் பரிசோதிக்க வேண்டிய அவசியமே எழாது. பெண்ணுக்கு முதலில் செய்து, 'சுமப்பவள்' என்று ஊரில் பேச்சுக் கிளம்பிவிட்டால் அவளுக்கு வேறு வரனும் வராமல் போகும். சுமப்பது நோயல்ல, மலேரியாவிலிருந்து ஓரளவு பாதுகாப்பும் தந்த தன்மை அது. நிச்சயதார்த்தத்துக்குப் பின் அல்ல, பேச்சுத் தொடங்குமுன் செய்ய வேண்டும். பத்திரிகை அச்சடித்த பிறகு முடிவு தெரிந்து யாருக்கு என்ன பயன்?

முஸ்லிம் நாடுகள் இதில் நமக்கு முன்னே போய்விட்டன. ஈரானில் 1997 முதல் மணமக்களுக்குத் தலசீமியாப் பரிசோதனை நடக்கிறது. சவூதி அரேபியாவில் 2004 முதல் நிகாஹ் பதிவுக்கு முன் சான்றிதழ் கட்டாயம். இருவரும் சுமப்பவர்களாக இருந்தாலும் மணப்பதும் விடுவதும் அவர்கள் விருப்பம். 2004க்கும் 2009க்கும் இடையில், அப்படித் தெரிந்த பின் தாமாகவே சம்பந்தத்தை விட்டவர்களின் விகிதம் ஐந்து மடங்குக்கு மேல் உயர்ந்தது.

இந்தப் பரிசோதனை எல்லாப் பரம்பரை நோய்களையும் காட்டாது என்பதையும் மறக்கக் கூடாது. பிறவிச் செவிடு, தசை நலிவு, காரணம் தெரியாத சிசு மரணம் போன்றவை குடும்பத்தில் இருந்தால், உறவில் முடிக்குமுன் மரபியல் மருத்துவரிடம் வம்ச விவரம் முழுவதையும் சொல்ல வேண்டும். நன்னாவின் காலத்தில் இறந்த குழந்தைகள் வரை சொல்ல வேண்டும். வெட்கப்பட்டு மறைத்தால் கணக்குத் தவறும்.

ஏற்கெனவே மணமாகி, இருவரும் சுமப்பவர்கள் என்று இப்போதுதான் தெரிந்த தம்பதியர் என்ன செய்வது? பிரிய வேண்டியதில்லை. கருவுற்ற பத்து, பன்னிரண்டு வாரத்தில் நஞ்சுக்கொடியில் துளி எடுத்துச் சோதித்தால் குழந்தைக்கு நோய் உண்டா இல்லையா என்று தெரிந்துவிடும். நான்கில் மூன்று பங்கு நல்ல செய்தியே வரும். நோய் உறுதியானால் என்ன செய்வது என்பது கனமான கேள்வி. கடுமையான பிறவிக் குறைபாடு மருத்துவர் குழுவால் உறுதிசெய்யப்பட்டால், 120 நாட்களுக்கு முன் கருவைக் கலைக்கலாம் என்று மக்காவின் ஃபிக்ஹு அகாடமி 1990இல் தீர்மானித்தது. அதை ஏற்காத உலமாக்களும் உண்டு. தம் ஊர் ஆலிமிடமும் மருத்துவரிடமும் சேர்ந்தே கேட்க வேண்டிய விஷயம் இது. எந்த முடிவானாலும் நாட்கணக்கு முக்கியம். ஐந்தாம் மாதத்தில் போய்க் கேட்டால் இரு தரப்பிலும் வழி குறுகிவிடும்.

பிறந்துவிட்ட குழந்தைக்கு இரத்தம் ஏற்றுவதோடு, பொருத்தமான உடன்பிறப்பு இருந்தால் எலும்பு மஜ்ஜை மாற்றும் சிகிச்சையும் உண்டு. வேலூரில் 1986 முதல் மஜ்ஜை மாற்றம் செய்து வருகிறார்கள். உடன்பிறந்த ஒருவரின் மஜ்ஜை பொருந்தும் வாய்ப்பு நான்கில் ஒன்று. மரபணுவையே திருத்தும் சிகிச்சைக்கு 2023 நவம்பரில் பிரிட்டன் முதன்முதலாக அனுமதி கொடுத்தது. அமெரிக்காவில் அதற்கு அறிவித்த விலை ஓர் ஆளுக்கு 22 லட்சம் டாலர். மாப்பிள்ளையின் இரத்தப் பரிசோதனைக்கோ, கல்யாண விருந்தில் ஒரு வரிசைக்கு ஆகும் பிரியாணிச் செலவுகூட ஆகாது.