ஒரு நாள், நான்கு நிறுத்தம்: நார்மண்டி போர்க்களத்தை இன்ஜினியர் கண்ணால் பார்ப்போமா?



இரண்டாம் உலகப் போர்ப் பாடத்தில் நார்மண்டி தரையிறக்கத்துக்கு நமக்குக் கிடைப்பது ஒரு வரி, மிஞ்சினால் இரண்டு வரி. "1944 ஜூன் 6 அன்று நேச நாட்டுப் படைகள் பிரான்ஸின் வடக்குக் கடற்கரையில் இறங்கின." அவ்ளோதான். ரெண்டு மார்க் கேள்விக்கு அது போதும். ஆனா அந்த ஒரே நாளில் ஏறக்குறைய 1,56,000 பேர் கடல் வழியாகவும் வான் வழியாகவும் இறங்கினார்கள். அவர்களோடு மிதக்கும் டாங்கி, மிதக்கும் சாலை, கான்கிரீட் துறைமுகம் என்று அதுவரை உலகம் பார்க்காத பல பொருட்களும் வந்தன. எல்லாமே யாரோ ஒரு இன்ஜினியர் மேஜையில் பிறந்தவை.

அந்தக் கடற்கரையை இன்றைக்கும் ஒரே நாளில் வழிகாட்டியோடு சுற்றிப் பார்க்கலாம். எப்படிப் போவது, எதைப் பார்ப்பது, முக்கியமாக எப்படிப் பார்ப்பது என்பதுதான் இந்தப் பாடம்.

புறப்படும் முன்

சுற்றுலாவுக்கு நல்ல தளம் பாயோ என்ற சிறு நகரம். பாரிஸின் சான்-லசார் நிலையத்திலிருந்து ரயிலில் இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆகும். பாரிஸிலிருந்து அதிகாலை கிளம்பி இரவே திரும்பலாம் என்றாலும், முதல் நாள் இரவே பாயோவில் தங்கிவிட்டால் அவசரம் இருக்காது. இந்த நகரம் ஜூன் 7 அன்றே விடுவிக்கப்பட்டதால் பெரிய சேதமில்லாமல் தப்பியது. பக்கத்தில் இருக்கும் கான் நகரத்துக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. குண்டுவீச்சில் அதன் பெரும்பகுதி இடிந்து போனது. நார்மண்டிச் சண்டை முழுவதிலும் இறந்த பிரெஞ்சுப் பொதுமக்கள் சுமார் 20,000 பேர் என்று கணக்கிடுகிறார்கள். சுற்றுலாவில் இந்தக் கணக்கு சுலபமாக விட்டுப்போகும், அதனால் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

தரையிறங்கிய கடற்கரைகள் ஐந்து: யூட்டா, ஒமாஹா, கோல்ட், ஜூனோ, ஸ்வோர்ட். மொத்த நீளம் சுமார் 80 கிலோமீட்டர். ஐந்தையும் ஒரே நாளில் பார்க்க நினைத்தால் வேன் ஜன்னலைத்தான் பார்த்துவிட்டு வருவோம். அதனால் நான்கு நிறுத்தம் போதும். பொதுப் பேருந்துகள் குறைவு என்பதால் ஏழெட்டுப் பேர் போகும் மினி வேன் சுற்றுலாவில் சேர்வது நல்லது.

கையில் ஒரு நோட்டு எடுத்துக்கோங்க. ஒரு பக்கத்தை இரண்டு பத்தியாகப் பிரிச்சு, இடது பக்கம் "கணக்கு", வலது பக்கம் "களம்" என்று எழுதுங்க. அந்தப் பொருளை எந்த நிலைமைக்காக வடிவமைத்தார்கள் என்பது கணக்கு. அன்று காலை அங்கே உண்மையில் இருந்த நிலைமை களம். நார்மண்டியில் பார்க்க வேண்டியது இந்த இரண்டுக்கும் நடுவே இருந்த இடைவெளியைத்தான். அந்த இடைவெளிக்கு விலை கொடுத்தவர்கள் பெரும்பாலும் நம் வயதுப் பசங்க.

நிறுத்தம் 1: ஆரொமான்ஷ், தூக்கி வந்த துறைமுகம்

பாயோவிலிருந்து சுமார் 10 கிலோமீட்டர். கடலோர மேட்டில் நின்று பார்த்தால் தண்ணீருக்குள் கரும்பெட்டிகள் வரிசையாகத் தெரியும். அவை மல்பெரி துறைமுகத்தின் மிச்சம்.

பிரச்சினை இதுதான். லட்சக்கணக்கான பேர் இறங்கினால் சாப்பாடு, எரிபொருள், குண்டு எல்லாம் தினமும் இறங்க வேண்டும். அதற்குத் துறைமுகம் தேவை. ஆனால் காவல் பலமாக உள்ள துறைமுகத்தை நேரடியாகத் தாக்கினால் என்ன ஆகும் என்பதை 1942 ஆகஸ்டில் தியெப் தாக்குதலின் தோல்வி காட்டிவிட்டது. சரி, துறைமுகத்தைப் பிடிக்க முடியாவிட்டால் கூடவே கொண்டு போய்விடலாம் என்று முடிவெடுத்தார்கள்!

சிவில் நண்பர்கள் கவனிக்க: ஃபீனிக்ஸ் என்று பெயரிட்ட கான்கிரீட் கெய்சன்களை இங்கிலாந்தில் வார்த்து, மிதக்கவிட்டு, கால்வாயைக் கடந்து இழுத்து வந்து, இங்கே தண்ணீர் நிரப்பி மூழ்கவைத்தார்கள். பெரியவை சுமார் 60 மீட்டர் நீளம், 18 மீட்டர் உயரம், 6,000 டன் எடை. இவற்றோடு பழைய கப்பல்களையும் மூழ்கடித்து அலைதடுப்பாக்கினார்கள்.

மெக்கானிக்கல் நண்பர்களுக்கான பகுதி உள்ளே இருந்தது. இந்தக் கரையில் பெரிய ஓத நாட்களில் கடல்மட்டம் 6 மீட்டருக்கும் மேல் ஏறி இறங்கும். நிலையான இறங்குதுறை கட்டினால் பாதி நேரம் கப்பல் ஒரு உயரத்திலும் துறை வேறு உயரத்திலும் நிற்கும். அதனால் இறங்குதுறைக்குக் கடல்தரையில் ஊன்றும் நான்கு கால்களை வைத்து, மேடை மட்டும் தண்ணீரோடு ஏறி இறங்கும்படி செய்தார்கள். மேடையையும் கரையையும் இணைத்தது, மிதவைகளின் மேல் வளைந்து கொடுக்கும் இரும்புச் சாலை. அதையும் அதைப் பிடித்து நிறுத்தும் நங்கூரத்தையும் வடிவமைத்தவர் ஆலன் பெக்கெட் என்ற பிரிட்டிஷ் இன்ஜினியர்.

இப்போது களம். இதே மாதிரி இன்னொரு மல்பெரியை அமெரிக்கர்கள் ஒமாஹாவில் அமைத்தார்கள். ஜூன் 19 முதல் 22 வரை அடித்த புயலில் அது திரும்பச் சரிசெய்ய முடியாத அளவுக்குச் சிதைந்தது. ஆரொமான்ஷ் துறைமுகம் அடிபட்டாலும் நின்றது. இங்கே கடலுக்குள் இருந்த பாறைத் திட்டு கொஞ்சம் காப்பாற்றியது. ஒமாஹாவில் நங்கூரங்களை முழுமையாக இடாததும் ஒரு காரணமாகச் சொல்லப்படுகிறது.

கதை இதோடு முடியவில்லை. மல்பெரி போன பிறகு ஒமாஹாவில் தட்டை அடிப்பாகம் கொண்ட கப்பல்களைத் தாழ் ஓதத்தில் மணலிலேயே உட்காரவைத்துச் சரக்கை நேரடியாக இறக்கினார்கள். எதிர்பார்த்ததைவிட அதிகமாகவே இறங்கியது. "அப்போ அவ்வளவு செலவு செய்து மல்பெரி தேவையா?" என்று வரலாற்றாசிரியர்கள் இன்னும் விவாதிக்கிறார்கள். உங்கள் வழிகாட்டியிடம் இந்தக் கேள்வியைக் கேளுங்க, நல்ல பேச்சு கிடைக்கும்.

நிறுத்தம் 2: ஒமாஹா, மிதக்காத டாங்கிகள்

இங்கே தாழ் ஓத நேரத்தில் நிற்பது முக்கியம். ஓத அட்டவணையைப் பார்த்து, வழிகாட்டியிடம் முன்பே சொல்லி வையுங்க. தண்ணீர் வற்றிய நேரத்தில் கடல் விளிம்பிலிருந்து கரை நோக்கி நடந்து பாருங்க. ஏறக்குறைய 300 மீட்டர் வெட்டவெளி. ஒதுங்க ஒரு கல் கூட இல்லை. எதிரே 30 மீட்டருக்கும் மேல் உயரமான மேடு, அதன் மேல் எதிரியின் இயந்திரத் துப்பாக்கி. மேட்டின் நடுவே உள்ள சில பள்ளவழிகள்தான் வாகனம் ஏறக்கூடிய பாதை. இந்த நிலத்தைப் பார்த்தாலே அன்றைக்கு என்ன நடந்திருக்கும் என்று பாதி புரிந்துவிடும். தண்ணீருக்குள் நட்டிருந்த தடைகள் கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்பதற்காகத்தான் அந்த வெட்டவெளியை ஏற்றுக்கொண்டு தாழ் ஓதத்தில் இறங்கினார்கள்.

காலாட்படைக்குத் துணையாக வர வேண்டியவை டி.டி. டாங்கிகள். ஷெர்மன் டாங்கியைச் சுற்றிக் கேன்வாஸ் துணியை உயர்த்திக் கட்டி, பின்னால் இரண்டு ப்ரொப்பெல்லர் பொருத்தியிருந்தார்கள். ஆர்க்கிமிடீஸ் விதிப்படி மிதக்கும். தந்திரமான வடிவமைப்புதான், சந்தேகமே இல்லை. ஆனால் அது தாங்கும் அலை சுமார் ஒரு அடி. அன்று காலை அலை ஆறு அடி வரை எழுந்தது.

741ஆவது டாங்கிப் படைப்பிரிவு கரைக்குச் சுமார் 5 கிலோமீட்டர் தள்ளி 29 டாங்கிகளைக் கடலில் இறக்கியது. 27 மூழ்கின. பக்கத்துப் பகுதியில் இருந்த 743ஆவது பிரிவிடமும் அதே டாங்கிதான் இருந்தது. அங்கிருந்த அதிகாரிகள் கடலைப் பார்த்தார்கள், "இந்த அலையில் வேண்டாம்" என்று முடிவு செய்து படகுகளையே கரை வரை ஓட்டிப் போய் டாங்கிகளை இறக்கினார்கள். அவற்றில் பெரும்பாலானவை மணலைத் தொட்டன. ஒரே பொருள், ஒரே காலை, ஒரே கடல். கையேட்டில் உள்ள எண்ணைக் கண்முன் இருந்த அலையோடு ஒப்பிட்டுப் பார்த்ததுதான் வித்தியாசம்.

விமானப்படையிலும் இதே கதை. மேகம் மூடியிருந்ததால், சொந்தப் படகுகள் மேல் குண்டு விழுந்துவிடக் கூடாது என்று சில விநாடிகள் தாமதித்துப் போட்டார்கள். பாதுகாப்புக்காகச் சேர்த்த அந்த விநாடிகளால் குண்டுகள் கரையைத் தாண்டி வயல்களில் விழுந்தன. கரையோர பங்கர்கள் அப்படியே இருந்தன. ஒமாஹாவில் மட்டும் அன்று 2,000 பேருக்கு மேல் இறந்தோ, காயம்பட்டோ, காணாமலோ போனார்கள்.

அந்த மேட்டின் மேல்தான் கொல்வில் அமெரிக்கக் கல்லறைத் தோட்டம். 9,380க்கும் மேற்பட்ட வெள்ளைக் கற்கள். சிலுவைகளுக்கு நடுவே யூத வீரர்களுக்கு ஆறுமுனை நட்சத்திரம். பெயரே இல்லாத கற்களும் உண்டு. இங்கே நோட்டை மூடி வையுங்க. ஒரு வரிசையை மட்டும் மெதுவாக நடந்து, பெயரையும் தேதியையும் படிங்க. செல்ஃபி வேண்டாம், சத்தமும் வேண்டாம்.

நிறுத்தம் 3: புவாந்த் து ஓக், நனைந்த கயிறு

கடலுக்குள் நீட்டிக்கொண்டு நிற்கும் 30 மீட்டர் செங்குத்துப் பாறை. மேலே இன்றும் குண்டுக் குழிகள் அப்படியே இருக்கின்றன, புல் மட்டும் முளைத்திருக்கிறது. இங்கிருந்த 155 மில்லிமீட்டர் பீரங்கிகளை அழிக்க ஜேம்ஸ் ரட்டர் தலைமையில் சுமார் 225 அமெரிக்க ரேஞ்சர்கள் வந்தார்கள். (இந்த ரட்டர் பிற்காலத்தில் டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தின் தலைவரானார்.)

பாறையில் ஏற, கொக்கி கட்டிய கயிற்றை ராக்கெட்டில் வைத்துச் சுடுவது திட்டம். படகில் அலை அடித்ததில் கயிறுகள் நனைந்து கனத்துப்போய், பல கயிறுகள் பாறை உச்சியை எட்டவே இல்லை. நீரிலும் நிலத்திலும் ஓடும் வண்டியில் பொருத்திய தீயணைப்பு ஏணிகளும் வந்திருந்தன. கரை முழுக்கக் குண்டுக் குழி இருந்ததால் வண்டிகள் பாறை அருகே வர முடியவில்லை.

ஆனால் இவர்கள் ஒரே வழியை நம்பி வரவில்லை. கையால் கோத்து நிறுத்தும் இலகு ஏணிகளும், கையில் தூக்கிப் போகும் கயிறுகளும் இருந்தன. சில நிமிடங்களில் முதல் ஆட்கள் மேலே ஏறிவிட்டார்கள். நாம் தேர்வில் "ரிடண்டன்ஸி" என்று எழுதுகிறோமே, அது இங்கே ஒரு ஏணியாக நின்றது.

மேலே போனால் பீரங்கி இல்லை! குண்டுவீச்சுக்குப் பயந்து முன்பே உள்ளே நகர்த்தியிருந்தார்கள். ரேஞ்சர்கள் தேடிக் கண்டுபிடித்து, தெர்மைட் குண்டுகளால் அவற்றின் பாகங்களை உருக்கிச் செயலிழக்கச் செய்தார்கள். இரண்டு நாள் கழித்து உதவிப்படை வந்தபோது சண்டையிடும் நிலையில் இருந்தவர்கள் சுமார் 90 பேர்.

நிறுத்தம் 4: லா கம்ப், மறுபக்கம்

திரும்பும் வழியில் இருக்கிறது ஜெர்மன் கல்லறைத் தோட்டம். பலர் இதை விட்டுவிடுவார்கள். நீங்கள் விடாதீங்க. இங்கே 21,000க்கும் மேற்பட்டோர் புதைக்கப்பட்டிருக்கிறார்கள். வெள்ளைக் கற்கள் இல்லை. தரையோடு தரையாகக் கருமையான கற்கள், ஒரே கல்லின் கீழ் பல இடங்களில் இருவர். இவர்கள் எதற்காகப் போரிட்டார்கள் என்பதை மறக்கவும் வேண்டாம், நியாயப்படுத்தவும் வேண்டாம். வயதைப் பாருங்க. பதினெட்டு, பத்தொன்பது என்று நிறைய வரும். பகலெல்லாம் பார்த்த கடற்கரைத் தடைகளையும் பங்கர்களையும் கணக்குப் போட்டுக் கட்டியவர்களும் இன்ஜினியர்கள்தான் என்பது இங்கே நிற்கும்போது மனதில் உறைக்கும்.

சில நடைமுறைக் குறிப்புகள்

ஜூன் மாதத்திலும் கடற்காற்று குளிரும், ஜாக்கெட் அவசியம். புவாந்த் து ஓக் போன்ற இடங்களில் வேலி போட்ட பகுதிக்குள் போகாதீங்க, பாறை இன்னும் சரிந்துகொண்டே இருக்கிறது. ஞாபகப் பொருள் தேடி மண்ணைத் தோண்டுவதும் அனுமதியின்றி மெட்டல் டிடெக்டர் வைத்துத் தேடுவதும் சட்டப்படி தவறு. வெடிக்காத குண்டு கிடைத்தால் உயிருக்கே ஆபத்து.

வீட்டுப்பாடம்

பிரான்ஸ் போகும் வாய்ப்பு எல்லோருக்கும் உடனே வராது. அதற்காக இந்த முறையை ஒத்திப்போட வேண்டியதில்லை. அதே 1944இல், ஏப்ரல் முதல் ஜூன் வரை, நம் நாட்டின் கோஹிமாவிலும் கடும் சண்டை நடந்தது. அங்கே மாவட்ட அதிகாரியின் டென்னிஸ் மைதானத்தின் இரு பக்கமும் படைகள் எதிரெதிராக இருந்தன. இன்று அது போர்க் கல்லறைத் தோட்டத்துக்குள் அடையாளமிட்டு வைக்கப்பட்டிருக்கிறது. அங்கே போனாலும் அதே இரண்டு பத்தி நோட்டு போதும்.

இப்போது உங்கள் புராஜெக்ட் ரிப்போர்ட்டை எடுங்க. "அனுமானங்கள்" என்று ஒரு பக்கம் இருக்கும். பெரும்பாலும் சீனியர் ரிப்போர்ட்டிலிருந்து அப்படியே வந்த பக்கம். அதில் உள்ள ஒவ்வொரு எண்ணுக்கும் எதிரே மூன்று கேள்வி எழுதிப் பாருங்க: இந்த எண்ணைக் களத்தில் யார் அளந்தார்கள்? இது தாண்டினால் முதலில் பாதிக்கப்படுவது யார்? "வேண்டாம், நிறுத்து" என்று சொல்லும் உரிமை அந்த இடத்தில் நிற்பவருக்கு இருக்கிறதா?

பதில்களைக் குழுவாக உட்கார்ந்து பேசுங்க. மூன்றாவது கேள்விக்குத்தான் நேரம் அதிகம் ஆகும்.