ஆச்சியின் பாம்படமும் வெந்நீரும்

1998 பொங்கலுக்கு வீடு வெள்ளையடித்த கையோடு ஆச்சியின் பாம்படத்தையும் துலக்கிவிடலாம் என்று எடுத்தேன். கோவில்பட்டிக் கரிசல் காட்டில் காலமெல்லாம் பருத்தி எடுத்தவளின் காது நகை. இடுக்கெல்லாம் எண்ணெய்ப் பிசுக்கும் புழுதியும். கொதிக்கிற வெந்நீரில் சோப்புத்தூளைக் கரைத்து முக்கி வைத்தேன். எடுத்துப் பார்த்தால் மூட்டு வழியாகச் செம்பழுப்பாக ஏதோ கசிந்திருந்தது. ஒரு பக்கம் அமுங்கிப் போயிருந்தது. ஆச்சி திட்டவில்லை. "உள்ள அரக்குல்லா இருக்கு தாயி, வெந்நீர் ஆகுமா?" என்றாள்.

பாம்படம் கட்டித் தங்கம் இல்லை. மெல்லிய தங்கத் தகட்டுக்குள் அரக்கை நிரப்பிச் செய்வது. பழைய கெம்பு நகைகளிலும் கல்லுக்கு அரக்குதான் பிடிமானம். சூடு பட்டால் இளகிவிடும். அன்றிலிருந்து எந்த நகையைக் கழுவ எடுத்தாலும், இதற்குள் என்ன இருக்கிறது என்று பார்த்த பிறகுதான் தண்ணீரில் வைக்கிறேன்.

சங்கிலி, வளையல் மாதிரி கல் இல்லாத தங்கத்துக்குப் பூந்திக்கொட்டையை மிஞ்ச எதுவும் இல்லை. நாலைந்து கொட்டையின் தோலை ராத்திரியே ஊறப்போட்டு, காலையில் பிசைந்து வடிகட்டுங்கள். எங்கள் பக்கத்துப் புழுதியில் பொடிமணலும் கலந்திருக்கும். அது தங்கத்தைவிடக் கடினம். ஆகவே காய்ந்த நகையைத் தேய்க்கவே கூடாது. முதலில் தண்ணீரில் அலசி, பிறகு அந்த நுரைத் தண்ணீரில் கால்மணி நேரம் போட்டு, பழைய பல்துலக்கியால் மெதுவாகத் தேய்த்தால் போதும். கிண்ணத்தில் வைத்துக் கழுவுங்கள், குழாயடியில் வேண்டாம். பிளீச்சிங் பவுடர் பக்கமே போகாதீர்கள். 916 நகையில் தங்கம் போக மிச்சமிருக்கும் செம்பையும் வெள்ளியையும் அது அரிக்கும்.

வெள்ளிக்கு வேறு வழி. அம்மா தீப்பெட்டி ஆபீஸுக்குப் போன காலத்தில் அவள் கொலுசு எப்போதும் கறுத்தே இருக்கும். தீக்குச்சி மருந்தில் இருக்கும் கந்தகம் வெள்ளியைப் பிடித்துக்கொள்ளும். பல்பொடி போட்டுத் தேய்த்தால் கறுப்போடு வெள்ளியும் தேயும். ஒரு பாத்திரத்தில் அலுமினியத் தாளை விரித்து, கொலுசு அதைத் தொடும்படி வைத்து, ஒரு கரண்டி சமையல் சோடாவும் கொஞ்சம் உப்பும் போட்டுச் சூடான தண்ணீரை ஊற்றுங்கள். அழுகின முட்டை வாடை லேசாக வரும். கந்தகம் அலுமினியத்துக்குப் போய்விடும், வெள்ளி அப்படியே நிற்கும். ஐந்து நிமிஷத்தில் எடுத்து அலசி, துணியால் ஒற்றிவிடுங்கள். கல், அரக்கு வைத்த வெள்ளிக்கு இது ஆகாது.

முத்து, பவளத்தில் எலுமிச்சையோ புளியோ படவே கூடாது. இரண்டும் சுண்ணாம்புச் சத்தால் ஆனவை; புளிப்பு பட்டால் கரையும்.

வாசலில் வந்து பாலிஷ் போட்டுத் தருகிறேன் என்பவரிடம் மட்டும் நகையைக் கொடுக்காதீர்கள். அவர் கிண்ணத்தில் இருப்பது தங்கத்தையே கரைக்கும் திராவகமாக இருக்கலாம். நகை பளபளவென்று திரும்பி வரும், எடை குறைந்திருக்கும்.

உங்கள் வீட்டுப் பெட்டியில் பாம்படமோ தண்டட்டியோ இருந்தால், பிழிந்த ஈரத்துணியால் துடைத்து நிழலில் உலர்த்தி வையுங்கள். அமுங்கினால் அதை எடுத்துச் சரிசெய்யத் தெரிந்த ஆசாரிகள் இப்போது மிகக் குறைவு.