ஐகோர்ட்டுக்குப் போகுமுன் டைரியைப் பாருங்கள்

"ஹைகோர்ட்ல ஒரு ஆர்டர் வாங்கிட்டா கேஸ் ஓடிருமாமே, வாங்கிக் குடுங்க மேடம்." குடும்ப நீதிமன்றத்தில் வாய்தா வாங்கி வாங்கி அலுத்துப்போய் என்னிடம் வருகிறவர்கள் பெரும்பாலும் இப்படித்தான் ஆரம்பிக்கிறார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் இந்த மாதிரி மனுக்களைப் போட்டுவரும் வக்கீல் நான். ஆர்டர் கிடைக்கும்தான். ஆனால் கேட்பவருக்கெல்லாம் கிடைக்காது.

அரசியல் சாசனத்தின் 227-வது பிரிவு, தன் எல்லைக்குள் இருக்கும் நீதிமன்றங்களை மேற்பார்வையிடும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குக் கொடுத்திருக்கிறது. குடும்ப நீதிமன்றமும் அதற்குள் வரும். இது அப்பீல் இல்லை. ஜீவனாம்சம் எவ்வளவு, பிள்ளை யாரிடம் என்பதையெல்லாம் தாமதத்துக்காகப் போடும் மனுவில் வாதாடிப் பயனில்லை. 'முடிவே சொல்லாமல் கிடக்கிறது, சொல்லச் சொல்லுங்கள்' என்று மட்டும் கேட்கலாம்.

முன்பு இதைக் கேட்டால் மூன்று மாதம், ஆறு மாதம் என்று கெடு வைத்து எளிதாக உத்தரவு வந்துவிடும். 2024 பிப்ரவரி 29 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, அலகாபாத் வழக்கறிஞர் சங்க வழக்கில் இதற்குக் கடிவாளம் போட்டது. எல்லாக் கோர்ட்டிலும் வழக்குகள் தேங்கித்தான் கிடக்கின்றன; எதை முன்னால் எடுப்பது என்பது அங்கே உட்கார்ந்திருக்கும் நீதிபதிக்குத்தான் தெரியும்; அசாதாரணச் சூழ்நிலையில் மட்டுமே மேலே இருந்து கெடு விதிக்கலாம் என்றது. நியாயமான பேச்சுதான். ஐகோர்ட் படியேறி ஆர்டர் வாங்க முடிந்தவர் முந்திக்கொண்டால், வசதியில்லாதவருடைய கட்டு அடியில் போய்விடும். எனவே, நம் வழக்கு ஏன் விதிவிலக்கு என்பதை நாம்தான் காட்டியாக வேண்டும்.

அதைக் காட்டும் இடம் கோர்ட் டைரி. தையல் வேலை செய்யும் ஒரு பெண் வந்திருந்தார். இடைக்கால ஜீவனாம்ச மனு வருடக்கணக்கில் கிடக்கிறது. கணவர்தான் இழுக்கிறார் என்றார். வாய்தா விவரங்களை எடுத்து, தாளில் மூன்று பத்தி பிரித்தேன்: நம்மால், அவர்களால், கோர்ட்டால். 'கவுண்டருக்கு', 'கவுண்டருக்கு', 'நீதிபதி விடுப்பு', மறுபடி 'கவுண்டருக்கு', அதாவது எதிர்த்தரப்பின் பதில் மனுவுக்கு. நடுவில் 'பேட்டா (நோட்டீஸ் அனுப்பும் கட்டணம்) கட்டவில்லை' என்று ஒரு வரி. அது நம் பத்தி. அதை மறைக்காமல் மனுவிலேயே எழுதினோம். எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் எடுத்துக் காட்டப்போவது அந்த வரியைத்தானே!

அந்தப் பெண் முழு விவாகரத்து வழக்கையும் முடிக்க உத்தரவு கேட்க விரும்பினார். வேண்டாம், ஜீவனாம்ச மனுவுக்கு மட்டும் கேட்போம் என்றேன். இந்து திருமணச் சட்டம் 21பி, நோட்டீஸ் எதிர்த்தரப்புக்குச் சார்வான (கிடைத்த) நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் வழக்கை முடிக்க முயல வேண்டும் என்கிறது. அது முயற்சி என்ற அளவில்தான். அதே சட்டத்தின் 24-வது பிரிவோ இடைக்கால ஜீவனாம்ச மனுவை, கூடியவரை, நோட்டீஸ் சார்வான 60 நாளுக்குள் தீர்க்கச் சொல்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவுக்குப் பதிலாக வந்திருக்கும், புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸின் 144-வது பிரிவிலும் இதே 60 நாள். சாப்பாட்டுக் காசு சம்பந்தப்பட்டது என்பதால் நீதிபதிகளும் காது கொடுத்துக் கேட்பார்கள். சார்வான தேதிக்கு ஆதாரம் கையில் இருக்கட்டும். கணக்கு அங்கிருந்துதான் ஆரம்பம்.

மேலே போவதற்கு முன் கீழே கேட்டீர்களா என்பது பெஞ்சிலிருந்து வரும் கேள்வி. சீக்கிரம் விசாரிக்கக் கேட்டு அங்கேயே ஒரு மனு போட்டிருக்க வேண்டும். 2020-ல் வந்த ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்பையும் பயன்படுத்துங்கள். எதிர்த்தரப்பு சொத்து, வருமான விவரப் பிரமாணப் பத்திரத்தை நான்கு வாரத்துக்குள் தர வேண்டும். இரண்டு வாய்ப்புக்கு மேல் இழுத்தால், அது வேண்டுமென்றே செய்வது என்று தெரிந்தால், அவருடைய எதிர்வாதத்தையே நீக்கலாம் என்கிறது அது. பல நேரங்களில் கீழே இந்த மனுவைப் போட்டதுமே கவுண்டர் வந்துவிடும். ஐகோர்ட் செலவு மிச்சம்.

நீதிபதியைக் குறை சொல்லி எழுதச் சொல்பவர்களும் உண்டு. நான் எழுத மாட்டேன். திரும்ப அதே கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். அதோடு, ஒரு நாள் பட்டியலில் எத்தனை வழக்குகள் இருக்கின்றன என்பதை வராந்தாவில் நின்றாலே பார்க்கலாம்.

உத்தரவு வந்தபின் பலர் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். உத்தரவு நகலை ஒரு மெமோவோடு குடும்ப நீதிமன்றத்தில் தாக்கல் செய்து, அது கட்டில் சேர்ந்ததா என்று பாருங்கள். கெடு நமக்கும் சேர்த்துத்தான். சம்பளச் சான்று, வாடகை ரசீது, பள்ளிக் கட்டண ரசீது எல்லாம் தயாராக இருக்க வேண்டும். நாம் ஒரு வாய்தா கேட்டாலும் அடுத்த முறை வாய் திறக்க முடியாது. கெடுவுக்குள் முடியாவிட்டால் குடும்ப நீதிமன்றமே கூடுதல் அவகாசம் கேட்டு ஐகோர்ட்டுக்கு எழுதுவதுண்டு. அதைக் கேட்டதும் அவமதிப்பு வழக்கு என்று குதிக்காதீர்கள். மறுபடியும் டைரியை எடுங்கள், உத்தரவுக்குப் பிறகு யார் பத்தியில் எத்தனை வாய்தா என்று பாருங்கள்.