கதாநாயகிக்குப் பக்கத்தில் நின்றவர்

கேள்வி: துருக்கியின் ஆரம்பகால சினிமாவில் துணை வேடத்தில் வந்தவர்களில் யாரைக் குறிப்பிடுவீர்கள்?

பதில்: நெய்யிரே நெய்யிர். இயற்பெயர் முனிரே எயுப்.

ஒட்டோமான் காலத்தில் முஸ்லிம் பெண்கள் நடிக்கத் தடை இருந்தது. பெண் வேடங்களை ஆர்மீனியப் பெண்களே பெரும்பாலும் ஏற்றார்கள். 1920-ல் அஃபிஃபே ழாலே என்ற முஸ்லிம் பெண் துணிந்து மேடையேற, போலீஸ் துரத்தியது. இந்த நிலையில், 1923-ல் ஹாலிதே எதிப்பின் விடுதலைப்போர் நாவலான ‘அதெஷ்தென் கோம்லெக்’கை முஹ்சின் எர்துருல் படமாக்கினார். பெண் பாத்திரங்களில் துருக்கியப் பெண்களே நடிக்க வேண்டும் என்பது நாவலாசிரியையின் நிபந்தனை. (எழுத்தாளர் சொன்னதைப் படக்காரர்கள் கேட்ட காலம்!) நாயகி ஆயிஷாவாக நடித்தவர் பெதியா முவஹ்ஹித், அவர் கணவரும் நடிகர். கெஸ்பான் என்ற இரண்டாவது பெண் வேடத்துக்குப் பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார்கள். அதைப் பார்த்து வந்தவர்தான் முனிரே. குடும்பப் பெயர் வெளியே தெரியாதிருக்க ஒரு புனைபெயர் கைகொடுத்தது.

அதன்பின் படங்கள் சிலவே. எல்லாம் பேசாப் படங்கள். துருக்கியின் முதல் பேசும் படம் 1931-ல்தான் வந்தது. அவருடைய பெரும்பகுதி உழைப்பு இஸ்தான்புல் நாடக மேடைக்குப் போனது. 1929-ல் எர்துருலையே மணந்தார்.

பெதியா 1994 வரை வாழ்ந்து புகழை அனுபவித்தார். நெய்யிரே 1943-லேயே, நாற்பதை ஒட்டிய வயதில், காலமானார். அவர் அதிகம் பேசப்படாததற்கு இதுவும் ஒரு காரணம். திறமைக் குறைவு அல்ல.