பூண்டி நீர்த்தேக்கம்

சென்னை நகர்க்குக் குடிநீர் நல்கும் பூண்டி நீர்த்தேக்கத்தின் வரலாற்றை ஈண்டுச் சிறிது நோக்குவோம்.

1872 முதல் கொசத்தலையாற்று நீர் தாமரைப்பாக்கம் அணைக்கட்டில் திருப்பப்பெற்று, சோழவரம், செங்குன்றம் ஏரிகளின் வழியே நகரை அடைந்தது. ஆயினும் மழைக்காலத்து மிகைவெள்ளம் வீணே கடலிற் கலந்தது. அதனைத் தேக்க வேண்டுமென முனைந்து நின்றவர், 1939-இல் நகர மேயராய் விளங்கிய சத்தியமூர்த்தி. யுத்தகாலமாதலின் தடைகள் எழுந்தன, அவர் தளர்ந்தாரில்லை. 1940-இல் வேலை தொடங்கிற்று. 1944-இல் அணை நிறைவெய்தியபோதோ அவர் இல்லை. முந்திய ஆண்டே காலமாயினார். தாம் தேடித்தந்த நீரை ஒரு கையேனும் அள்ளிப் பருகினாரில்லை என்பதை எண்ணுங்கால் நம் உள்ளம் நெகிழ்கின்றது. சத்தியமூர்த்தி சாகரம் என்னும் பெயர் மட்டும் அவர்க்கு எஞ்சியது.

நீர்ப்பரப்பினுள் அகப்பட்ட திருவெண்பாக்கத்துச் சிவாலயம், சுந்தரர் பாடிய தலம், பூண்டிக்குப் பெயர்க்கப்பெற்றது. 1996 முதல் ஆந்திர நாட்டினின்று கால்வாய் வழியே வரும் கிருஷ்ணை நீரும் இத்தேக்கத்திலேயே வந்து சேர்கின்றது.