தையல் மெஷினும் ஊமைப் படமும்

'கேம் அண்டு ஃபாலோயர்' பாடத்தில் அரியர் வைத்தவன் அதைப் பற்றியே கட்டுரை எழுத வந்துவிட்டானே என்று எங்கள் மெக்கானிக்கல் பிரிவு நண்பர்கள் சிரிப்பது காதில் விழுகிறது. சிரிக்கட்டும். எனக்கு அந்தப் பாடம் விளங்கியதே பழைய பிரெஞ்சு ஊமைப் படங்களைப் பார்த்த பிறகுதான்.

1895-இல் லூயி லூமியேர் எடுத்த படம் ஒன்று. தோட்டக்காரர் செடிகளுக்குத் தண்ணீர் அடிக்கிறார். பின்னால் வந்த பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிடுகிறது. அவர் குழாயின் வாயை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்க்க, பையன் காலை எடுக்கிறான். அவ்வளவுதான் கதை, ஒரு நிமிடம்கூட ஓடாது! அந்த ஆண்டு டிசம்பர் 28-ஆம் தேதி, பாரிஸில் ஒரு காபிக் கடையின் கீழ்த்தளத்தில் காசு வாங்கிக்கொண்டு காட்டிய பத்துப் படங்களில் இதுவும் ஒன்று.

நாம் கவனிக்க வேண்டியது கருவியை. பிலிம் நிற்காமல் ஓடினால் படம் கலங்கிப்போகும். ஒவ்வொரு படமும் ஒரு கணம் நிற்க வேண்டும், பிறகு சட்டென்று நகர வேண்டும், நொடிக்கு 16 தடவை. லூமியேருக்கு வழி காட்டியது தையல் மெஷின். ஊசி மேலே இருக்கும்போது துணி நகரும். கீழே இறங்கினால் துணி நிற்கும். அதே மாதிரி ஒரு கேம், இரண்டு முள்ளை பிலிம் ஓட்டைகளில் நுழைத்து, ஒரு படம் அளவுக்கு இழுத்துவிட்டு, முள்ளை வெளியே எடுத்துவிடும். நகரும் நேரத்தில் ஒரு மூடி வெளிச்சத்தை மறைக்கும்.

எங்க அம்மா ஜாக்கெட் தைத்துத்தான் எனக்கு ஃபீஸ் கட்டுகிறார். எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நான். "அங்க என்னதான்டா படிக்கிறே?" என்று கேட்டால் இத்தனை நாளும் மழுப்பி வந்தேன். அன்றைக்கு அவர் மெஷினையே காட்டிச் சொன்னேன். "இதையா பாஸ் பண்ணாம விட்டே?" என்றார்.

இன்னொரு படம், 1912-இல் ழான் துரான் கோமோன் கம்பெனிக்காக எடுத்தது. (இவர் தென் பிரான்சின் காமார்க் பகுதியில் குதிரைச் சாகசப் படங்களும் எடுத்தவர்.) ஒனெசீம் என்பவனுக்குச் சொத்து வரப் பல வருஷம் காத்திருக்க வேண்டும். பொறுமையில்லாமல் பாரிஸின் தலைமைக் கடிகாரத்தையே வேகமாக்கிவிடுகிறான். ஊரே ஓடுகிறது, கல்யாணம், குழந்தை எல்லாம் கண்மூடித் திறப்பதற்குள்!

ரகசியம் கைப்பிடியில். லூமியேர் பெட்டியில் ஒரு சுற்றுக்கு 8 படம், நொடிக்கு 2 சுற்று. ஒரே சுற்றாக மெதுவாகச் சுற்றி எடுத்து, 16 வேகத்தில் காட்டினால் ஆட்கள் இரட்டை வேகத்தில் ஓடுவார்கள்.

இதையும் அம்மாவிடம் சொன்னேன். "அவன் கையில குடுத்தா உன் படிப்பும் சீக்கிரம் முடிஞ்சிருமேடா" என்றார்.