கேம் சர்வர் கிடைக்கவில்லை: யார் மீது வழக்குப் போடுவது?

கேள்வி: பிளஸ் டூ படிக்கும் என் மகன் கம்ப்யூட்டரில் நண்பர்களோடு ஆன்லைன் துப்பாக்கிச் சண்டை கேம் ஆடுகிறான். லீவுக்காக அதன் சீசன் பாஸை என் ஜிபேயிலிருந்து 1,200 ரூபாய் கட்டி வாங்கிக் கொடுத்தேன். மறுவாரமே ‘சர்வருடன் இணைக்க முடியவில்லை’ என்று வர ஆரம்பித்தது. மூன்று வாரமாகப் பாதி ஆட்டத்தில் வெளியே தள்ளுகிறது. கேம் கம்பெனி, இன்டர்நெட்காரரைக் கேளுங்கள் என்கிறது. பிராட்பேண்ட்காரர் ஸ்பீடு டெஸ்ட் போட்டுக் காட்டி, “நூறு எம்பி வருதேக்கா, எங்க லைன்ல கோளாறே இல்ல” என்று போய்விட்டார். பணம் திரும்பாது, விதிமுறைக்குச் சம்மதித்துவிட்டீர்கள், வழக்கென்றால் வெளிநாட்டில்தான் என்று கம்பெனியிலிருந்து மெயில் வேறு. நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகலாமா? போலீஸில் புகார் கொடுக்கலாமா?
– ஒரு வாசகி, கோவில்பட்டி

பதில்: நுகர்வோர் ஆணையத்துக்குத் தாராளமாகப் போகலாம். ஆனால் இன்று கையில் இருப்பதை மட்டும் வைத்துப் போனால், இரண்டு எதிர்தரப்பினரும் ஒருவரை ஒருவர் கைகாட்டுவார்கள். சேவையில் குறைபாடு என்று சொல்பவர்தான் அதைக் காட்ட வேண்டும். எனவே வக்கீலைப் பார்ப்பதற்கு முன் மகனை உட்காரவைத்து, கோளாறு எங்கே என்று தேடச் சொல்லுங்கள். அந்தத் தேடல்தான் பின்னால் உங்கள் ஆதாரம்.

வை-ஃபையை விட்டுவிட்டு ரவுட்டரிலிருந்து நேராகக் கேபிள் செருகி ஆடிப் பார்க்கட்டும். பிறகு அதே கம்ப்யூட்டரை, அதே மாலை நேரத்தில், உங்கள் மொபைல் ஹாட்ஸ்பாட்டில் இணைத்துப் பார்க்கட்டும். ஹாட்ஸ்பாட்டில் ஒழுங்காக ஓடி, பிராட்பேண்டில் மட்டும் அறுந்தால் சந்தேகம் லைன் பக்கம் போகிறது. இரண்டிலும் ஒரே பிழை வந்தால் கம்பெனி சர்வரோ உங்கள் கம்ப்யூட்டரோதான். பிழை எண்ணைக் குறித்துக்கொள்வது மிக முக்கியம். உதாரணத்துக்கு, வாலரன்ட் ஆடுபவர்களுக்கு விண்டோஸ் 11 கம்ப்யூட்டரில் ‘வான் 9001’ என்று வந்தால் டிபிஎம் 2.0, செக்யூர் பூட் என்ற கம்ப்யூட்டரின் பாதுகாப்பு அம்சங்கள் சரியாக இயங்கவில்லை என்று பொருள். அதற்கு ஆணையம் எதற்கு, பயாஸ் செட்டிங் போதும். ‘வான் 152’ என்றால் அந்தக் கம்ப்யூட்டரையே தடை செய்திருக்கிறார்கள். இணைப்புப் பிழை என்று அம்மாவிடம் சொல்லப்படுவது சில வீடுகளில் இதுதான். கோபப்படாமல் மகனிடம் கேட்டுவிடுங்கள்.

ஸ்பீடு டெஸ்ட்டை வைத்து பிராட்பேண்ட்காரர் தப்பிக்கப் பார்த்தது பழைய உத்தி. சினிமா பார்க்க வேகம் போதும். சண்டை கேமுக்குத் தேவை பிங் (தகவல் சர்வருக்குப் போய்வரும் நேரம்) குறைவாக இருப்பதும், பாக்கெட் எனப்படும் தகவல் துண்டுகள் வழியில் தொலையாமல் இருப்பதும். பக்கத்து சர்வருக்குப் போடும் டெஸ்ட்டில் அது தெரியாது. கமாண்ட் பிராம்ப்ட்டில் ‘பாத்பிங்’ கட்டளையைக் கேம் சர்வரின் முகவரியோடு ஓட்டினால், வழியில் உள்ள ஒவ்வொரு நிறுத்தத்திலும் எத்தனை சதவீதம் தொலைகிறது என்று வரும். ஓர் எச்சரிக்கை: நடுவில் ஒரு வரியில் மட்டும் நூறு சதவீத இழப்பு தெரிந்தால் அது கோளாறு ஆகாது. அந்த ரவுட்டர் இந்த மாதிரிச் சோதனைக்குப் பதில் சொல்லாமல் இருக்கலாம். ஓரிடத்தில் தொடங்கிய இழப்பு கடைசி வரிவரை நீண்டால்தான் பேச்சு. இது தெரியாமல் ஆவணமாகக் கொடுத்தால் எதிர்தரப்பு வக்கீல் அதை வைத்தே உங்களைக் கவிழ்ப்பார். தேதி, நேரம் தெரிய ஒரு வாரத்துக்குப் படம் எடுத்து வையுங்கள். பிரிண்ட்டோடு, மின்னணு ஆதாரத்துக்கான பாரதிய சாக்‌ஷிய அதிநியம் 63ஆம் பிரிவின் சான்றிதழையும் இணைத்துவிட்டால் பின்னால் தொல்லை இல்லை.

கோளாறு பிராட்பேண்ட்காரர் பக்கம் என்றால் முதலில் அவர்களுடைய புகார் மையத்தில் பதிவு எண் வாங்குங்கள். வீட்டுக்கு வந்த தம்பியிடம் வாயால் சொன்னது புகார் ஆகாது. பதில் திருப்தியில்லை என்றால் அவர்களுடைய மேல்முறையீட்டு அதிகாரிக்கு 30 நாளுக்குள் எழுதலாம். தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் தனிநபர் புகாரை விசாரிப்பதில்லை, அங்கே எழுதி நாளைக் கடத்தாதீர்கள். தொலைத்தொடர்புக் குறைகளுக்கு நுகர்வோர் ஆணையம் வர முடியாது என்ற பழைய வாதத்தை, வோடஃபோன் ஐடியா வழக்கில் 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் முடித்துவைத்துவிட்டது. பில்லில் யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். தெருவில் கேபிள் இழுக்கும் ஆபரேட்டர் ஒருவர், உரிமம் வைத்திருக்கும் கம்பெனி இன்னொன்று. இரண்டு பேரையும் சேருங்கள்.

கோளாறு கேம் கம்பெனி பக்கம் என்றால் அவர்களுடைய குறைதீர் அலுவலருக்கு எழுதுங்கள். 2020ஆம் ஆண்டு மின்வணிக விதிகள்படி அவர் 48 மணி நேரத்தில் புகார் கிடைத்ததை ஒப்புக்கொண்டு, ஒரு மாதத்தில் தீர்க்க வேண்டும். டிஜிட்டல் பொருளுக்கும் இந்த விதி உண்டு. இந்தியாவில் அலுவலகம் இல்லாமல் இங்குள்ளவர்களுக்குத் தொடர்ந்து விற்கும் நிறுவனத்துக்கும் உண்டு. பணம் திருப்பித் தர மறுத்தால், ஆட முடியாத மூன்று வாரத்துக்குப் பாஸை நீட்டித் தரும்படி கேளுங்கள். 2025 பிப்ரவரியில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க் ஒரு நாள் போலப் படுத்தபோது, பிளஸ் சந்தாதாரர்களுக்குச் சோனி ஐந்து நாள் கூடுதலாகக் கொடுத்தது. நடக்காத காரியம் இல்லை. அதே ஆண்டு அக்டோபர் 20 அன்று அமேசான் கிளவுட் விழுந்து ஃபோர்ட்நைட், ரோப்ளாக்ஸ் எல்லாம் நின்றதே, அதுபோல ஒரு நாள் தடைக்கு வழக்கு என்று வந்தால் நானே வேண்டாம் என்பேன். மூன்று வாரம் வேறு கதை.

‘வெளிநாட்டில்தான் வழக்கு’ என்ற வரிக்குப் பயப்பட வேண்டாம். 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 34ஆம் பிரிவு, நீங்கள் வசிக்கும் ஊரிலேயே புகார் கொடுக்க அனுமதிக்கிறது. உங்களுக்குத் தூத்துக்குடி மாவட்ட ஆணையம். மத்தியஸ்த நிபந்தனை இருந்தாலும் நுகர்வோர் வழி அடைபடாது என்று எமார் வழக்கில் 2018லேயே உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்துவிட்டது. அந்த நிபந்தனைகளையே நியாயமற்ற ஒப்பந்தம் என்று தாக்க மனம் துடிக்கும். அதற்கு மாநில ஆணையம் போக வேண்டும். 1,200 ரூபாய்க்கு அது வேண்டாத அலைச்சல்.

ஒரு பொறியையும் சொல்லிவிடுகிறேன். மகனுக்கு 18 ஆகவில்லை, அவன் அழுத்திய ‘சம்மதம்’ செல்லாது என்று யாராவது யோசனை சொல்வார்கள். மோகிரி பீபி வழக்கில் 1903இல் பிரிவி கவுன்சில் சொன்னது அதுதான், சட்டமும் சரிதான். ஆனால் ஒப்பந்தமே செல்லாது என்றால் சேவை தரும் கடமை எங்கிருந்து வந்தது என்று எதிர்தரப்பு திருப்பிக் கேட்கும். பணம் கட்டியவர் நீங்கள், உங்கள் அனுமதியோடு பயன்படுத்துபவன் அவன். புகார்தாரர் நீங்கள் என்று உங்கள் பெயரிலேயே மனுவைப் போடுங்கள்.

கேட்பதை அளவோடு கேளுங்கள்: பாஸ் பணம், சிறிய இழப்பீடு, வழக்குச் செலவு. மன உளைச்சலுக்குப் பத்து லட்சம் என்று எழுதும் மனுக்களை நிறையப் பார்த்திருக்கிறேன், பார்த்ததுமே மனுவின் மதிப்பு குறைகிறது. கொடுத்த தொகை ஐந்து லட்சம் வரை இருந்தால் மாவட்ட ஆணையத்தில் கட்டணம் கிடையாது. இ-ஜாக்ரிதி தளத்தில் வீட்டிலிருந்தே தாக்கல் செய்யலாம். அதற்கு முன் 1915 என்ற தேசிய உதவி எண்ணில் ஒரு புகார் பதியுங்கள், பல கம்பெனிகள் அங்கேயே இறங்கி வந்துவிடும். சட்டம் இரண்டு ஆண்டு அவகாசம் தருகிறது, ஆனால் உங்கள் ஆதாரம் அந்த சீசன் முடிந்தாலே பழசாகிவிடும்.

போலீஸ் தேவையில்லை, இது குற்றமல்ல. இடையில் யாராவது ‘பிங் குறைத்துத் தருகிறேன்’ என்று பணமோ, மகனின் கணக்குப் பாஸ்வேர்டோ வாங்கியிருந்தால் மட்டும் உடனே 1930க்குப் பேசுங்கள்.